தாமசம்

எடைமேடையில் வண்டி ஏறி நின்றதும்
கண்ணாடிக்குப் பின்னாலிருந்து ஜெபசீலி கேட்டாள்:
"முப்பத்தேழு கிலோ கூட காட்டுதே,
இன்னா ஏத்திக்கினு வந்த?"

சத்தியமாக ஒன்றுமில்லை.
சீட்டுக்கடியில் காலி டப்பாக்கள், நாற்பத்தொன்று.
தலைவலித் தைலம் வருமே, அந்த அளவு.

எண்ணூர் சாலையில் டிரெய்லர் ஓட்டியவனுக்குத்தான் தெரியும்
வரிசை என்றால் என்னவென்று.
துறைமுகத்து விளக்கு தெரியும், துறைமுகம் வராது.
கேன் தண்ணீரில் குளித்து, அச்சுக்கடியில் தூங்கி,
முன்வண்டிப் பின்கதவின் எண்ணை
சாமி பேர் போல மனப்பாடம் செய்து
இரண்டு ராத்திரி, மூன்று பகல்.

தேசிங்குதான் முதல் டப்பாவைக் கொடுத்தான்,
திருவொற்றியூர் டீக்கடைக்குப் பின்னால்.
மண்ணெண்ணெய் நிறம். ஊறிய அரிசி மணம்.
"தாமசம்" என்றான்.
தாமதத்தைத் தின்கிற சாமானுக்கு
யாரோ குசும்பாக வைத்த பேர்.
கழிமுகத்துச் சாம்பலுக்கடியில் அள்ளுவதாக ஒருத்தன் சொன்னான்,
கப்பலின் அடித்தொட்டியில் சுரண்டுவதாக இன்னொருத்தன்.

இமைமேல் ஒரு துளி.
மூடித் திறந்தால் கேட்டில் நிற்பேன்.
நடுவே கை கியர் போட்டிருக்கும்,
வாய் டீ குடித்திருக்கும்,
நான் மட்டும் இருந்திருக்க மாட்டேன்.

காசிமேட்டில் டில்லிபாய் அதை வஞ்சிரத்தின் செவுளில் தடவினாள்.
நாலாம் நாளும் செவுள் சிவப்பு.
வாங்கித் தின்றவர்களுக்கு
நாலு நாள் செரிக்கவில்லை.
வட்டிக்காரன் நோட்டில் ஒரு சொட்டு விட்டான்:
ஊருக்கெல்லாம் மாசத்தில் நாலு செவ்வாய்,
அவனிடம் வாங்கியவனுக்கு ஏழு.

தேசிங்கு வீட்டுக்குள்ளும் தடவ ஆரம்பித்தான்.
சண்டையைத் தாண்ட, ஜுரத்தைத் தாண்ட,
மச்சான் வீட்டு விசேஷத்தைத் தாண்ட.
ஒருநாள் கண்ணைத் திறந்தபோது
யாரோ ஒரு ஆள் இவன் பிளேடில் சவரம் செய்துகொண்டிருந்தான்.
"யாருப்பா நீ?"
மகன்.

எனக்கு அவ்வளவெல்லாம் ஆகவில்லை.
ஆடி மாசம் ஒரு ராத்திரி
அமுலு பதினோரு தடவை கூப்பிட்டிருக்கிறாள்.
கேட்டில் இமை திறந்தபிறகுதான் பார்த்தேன்.
திருப்பிக் கூப்பிட்டால்,
"அப்போ ஒண்ணு சொல்லணும்னு இருந்துச்சு.
இப்போ இல்ல."
அதற்கப்புறம் எல்லாம் பேசுகிறாள்.
கேஸ் தீர்ந்தது, பள்ளிக்கூடத்து பீஸ், மோட்டார் ரிப்பேர்.

முப்பத்தேழு கிலோ.
ஜெபசீலியின் சீட்டைக் கையில் வைத்துக்கொண்டு
வெகுநேரம் நின்றேன்.
தின்றதாக நினைத்ததெல்லாம்
டப்பாக்களில்தான் இருந்திருக்கிறது.

முதல் மூடியைத் திருகியதும் வெயில் வந்தது.
மதியம் இரண்டு மணி, மணலி நாற்றம்,
கன்டெய்னர் மேல் ஒரு காக்கா.
அது பறக்க மூன்று மணி நேரம் ஆனது.
பாதியில் மூட முடியாது.
ஒவ்வொரு நிமிஷத்தையும்
கல் பொறுக்கிய சோறு போல மென்றுதான் விழுங்க வேண்டும்.

இரண்டாவதில் மழை.
மூன்றில், நான்கில் யார் யாரோ கெட்ட வார்த்தை பேசினார்கள்.
ஏழாவது டப்பாவில் போன் அடித்தது.
கை நடுங்க எடுத்தேன்.
"சார், பர்சனல் லோன் வேணுமா?"
பதினெட்டு நிமிஷம் பேசினேன் அந்தப் பெண்ணிடம்,
வைக்க மனசு வரவில்லை.

இன்னும் முப்பத்துநாலு.
எதிலும் தேதி எழுதியிருக்கவில்லை.
வண்டியை எப்போது விற்றேன், நினைவில்லை.
சுவரில் காலண்டர் மாறியிருக்கிறது.

அடுப்படியிலிருந்து அமுலு கூப்பிடுகிறாள்,
ஒரு தடவை, மறுபடி ஒரு தடவை.
"தோ வரேன்" என்கிறேன்,
அடுத்த டப்பாவைக் காதோரம் வைத்து
மெல்லக் குலுக்கிக்கொண்டே.